தேவி போகும் வழியில் ஒரு பாடகி

தமிழகத்துக்கும் கேரளத்துக்கும் நடுவே கிடக்கும் பாறசாலை, நெய்யாற்றின்கரை கிராமங்களைச் சரஸ்வதி ஆண்டுதோறும் கடந்து போகிறாள். அதே வழியில் போன பாறசாலைப் பெண் ஒருவர், அவள் சன்னதியில் உட்கார்ந்து பாடுவதற்கு 81 வயது வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

நவராத்திரி நெருங்கிவிட்டால் களியக்காவிளையில் போலீஸ்காரர்கள் பாண்டு வாசிக்கிறார்கள். எல்லைக்கோட்டின் இந்தப் பக்கம் தமிழகப் போலீஸ், அந்தப் பக்கம் கேரளப் போலீஸ். இரு தரப்பும் விறைப்பாக நின்று அணிவகுப்பு மரியாதை செலுத்துவது எந்த மந்திரிக்கும் அல்ல. பத்மநாபபுரம் அரண்மனையிலிருந்து புறப்பட்டு வரும் சரஸ்வதிக்கு. கூடவே வேளிமலைக் குமாரசாமியும், சுசீந்திரத்து முன்னுதித்த நங்கையும் வருகிறார்கள். மன்னரின் உடைவாளும் முன்னால் போகிறது.

முதல் நாள் குழித்துறையில் தங்கல். மறுநாள் களியக்காவிளையில் எல்லை தாண்டி, இஞ்சிவிளை, பாறசாலை, உதியன்குளங்கரை, அமரவிளை வழியாக நெய்யாற்றின்கரை கிருஷ்ணசாமி கோயிலில் இரவு தங்கல். மூன்றாம் நாள் திருவனந்தபுரம். நவராத்திரி முடிந்ததும் வந்த வழியே திரும்பி, தமிழ்நாட்டுக்குள் நுழைந்து, பத்மநாபபுரம். 2020ல் கொரோனா எல்லைகளை இறுக்கி மூடியபோதும், கட்டுப்பாடுகளுடன் இந்தப் பயணம் நடந்தது.

இந்தச் சரஸ்வதி, கம்பர் வழிபட்ட விக்கிரகம் என்பது ஐதீகம். கம்பர் தன் கடைசிக் காலத்தில் சேர மன்னரிடம் இதை ஒப்படைத்து, நவராத்திரி பூஜை தவறக்கூடாது என்று கேட்டுக்கொண்டாராம். வரலாற்றுச் சான்று கேட்டால் கிடைக்காது. ஆனால் தமிழ்க் கவிஞர் ஒருவரின் பேரால் மலையாள நாட்டு அரசு விழா ஒன்று இன்றும் நடக்கிறது என்பது சான்று தேவைப்படாத செய்தி. தலைநகர் பத்மநாபபுரத்தில் இருந்தவரை பூஜை அங்கேயே நடந்தது. ஸ்வாதித் திருநாள் காலத்தில் அது திருவனந்தபுரத்துக்கு மாறியது. அதனால்தான் தேவிக்கு இந்தப் பயணம் வாய்த்தது. 1956க்குப் பிறகு அது மாநிலம் விட்டு மாநிலம் போகும் பயணமாகவும் ஆகிவிட்டது.

எல்லை என்று ஒன்று

1956 நவம்பர் 1ஆம் தேதி மொழிவாரி மாநிலங்கள் உருவானபோது திருவிதாங்கூரின் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு தாலுக்காக்கள் தமிழகத்துக்கு வந்து கன்னியாகுமரி மாவட்டமாயின. விளவங்கோட்டை அடுத்த நெய்யாற்றின்கரை தாலுக்கா கேரளத்தில் நின்றது. திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரஸ் கேட்ட பட்டியலில் நெய்யாற்றின்கரையின் தென்பகுதியும் இருந்தது. கிடைக்கவில்லை. 1954 ஆகஸ்ட் 11ல் மார்த்தாண்டத்திலும் புதுக்கடையிலும் துப்பாக்கிச் சூட்டில் உயிர்விட்டவர்களின் நினைவு குமரி மாவட்டத்தில் இன்னும் இருக்கிறது. நேசமணியின் பெயர் சொன்னால் தலைநிமிர்கிறவர்கள் இருக்கிறார்கள்.

கோடு போட்டவர்கள் போட்டுவிட்டுப் போனார்கள். கிராமங்கள் அதைப் பெரிதாக எடுத்துக்கொண்டதாகத் தெரியவில்லை. எல்லையின் இரு பக்கமும் ஒரே ரப்பர், ஒரே வாழை, ஒரே தென்னை. மத்திய கேரளத்தில் 'கப்ப' என்று சொல்லும் கிழங்குக்கு இங்கே இரண்டு பக்கமும் மரச்சீனி என்றுதான் பெயர். விளவங்கோட்டுத் தமிழைக் கேட்கும் மதுரைக்காரர் அதை மலையாளம் என்பார். நெய்யாற்றின்கரை மலையாளத்தைக் கேட்கும் திருச்சூர்க்காரர் அதைத் தமிழ் என்பார். இரண்டு பேரும் பாதி சரி. கல்யாணம், கடன், கோயில் கொடை, ஆஸ்பத்திரி எல்லாமே எல்லை தாண்டித்தான். கொல்லங்கோட்டுத் தூக்கத் திருவிழா நடப்பது தமிழகத்தில். நேர்ச்சைக்கு வருகிறவர்களில் பாதிப் பேர் கேரளத்தவர்கள் என்று சொன்னால் யாரும் மறுக்க மாட்டார்கள்.

பாறசாலை ரயில் நிலையம்தான் இந்தப் பாதையில் கேரளத்தின் கடைசி நிலையம். அடுத்த வண்டி நிற்கும் இடம் குழித்துறை, தமிழ்நாடு. திருவனந்தபுரத்துக்கும் நாகர்கோவிலுக்கும் இடையே ரயில் ஓடத் தொடங்கியது 1979ல்தான். அதற்கு முன் எல்லாம் சாலை வழிதான். அந்தச் சாலையில் அமரவிளைச் சோதனைச்சாவடி என்றால் லாரி ஓட்டுநர்களுக்குச் சலிப்பு. 2017ல் ஜி.எஸ்.டி. வந்தபின் வணிகவரிச் சாவடியின் காலம் முடிந்தது.

நெய்யாற்றின்கரைக்கு வரலாற்றுப் பெருமை குறைவில்லை. நெய்யாற்றின் கரையிலுள்ள கிருஷ்ணசாமி கோயில் வளாகத்தில் 'அம்மச்சிப் பிலாவு' இருந்த இடத்தைக் காட்டுகிறார்கள். எட்டுவீட்டுப் பிள்ளைமாருக்குத் தப்பி ஓடிவந்த மார்த்தாண்டவர்மா அந்தப் பலாமரத்துப் பொந்தில் ஒளிந்து உயிர் பிழைத்தார் என்பது கதை. அரசரை விமர்சித்து எழுதியதற்காக 1910ல் நாடு கடத்தப்பட்ட பத்திரிகையாளர் 'சுதேசாபிமானி' ராமகிருஷ்ண பிள்ளை இந்தத் தாலுக்காக்காரர். மதுரைக்கும் திண்டுக்கல்லுக்கும் நடுவே காந்திகிராமம் உருவாகக் காரணமான ஜி. ராமச்சந்திரனுக்கும் இதுதான் சொந்த ஊர்.

எல்லாவற்றையும்விட முக்கியமானது அருவிப்புறம். நெய்யாற்றின்கரையிலிருந்து சில கிலோமீட்டர் தூரத்தில், ஆற்றில் மூழ்கி எடுத்த ஒரு கல்லை 1888ல் சிவலிங்கமாகப் பிரதிஷ்டை செய்தார் நாராயண குரு. கோயில் பிரதிஷ்டை பிராமணருக்கு மட்டுமே உரியது என்றிருந்த காலம். கோயிலுக்கு வெளியே நிறுத்தப்பட்டிருந்த ஈழவர் சமூகத்தைச் சேர்ந்த ஒருவர், கதவைத் தட்டிக்கொண்டிருக்காமல் தானே ஒரு கோயிலைக் கட்டிக்கொண்டார். சித்திரைத் திருநாள் மகாராஜா 1936 நவம்பர் 12ல் ஆலயப் பிரவேசப் பிரகடனம் வெளியிட்டபோது, அருவிப்புறத்துக்கு 48 வயது ஆகியிருந்தது. இந்த வட்டாரத்தில் வாசல்கள் திறந்த கதைகள் பல உண்டு. திறப்பதற்கு எடுத்துக்கொண்ட காலமும் நீளம்தான்.

அக்ரஹாரத்திலிருந்து அகாதமிக்கு

பாறசாலையில் மகாதேவர் கோயில் இருக்கிறது. திருவிதாங்கூரின் தென்பகுதிக் கோயில்களை ஒட்டி ஆங்காங்கே தமிழ் பிராமணக் குடும்பங்கள் குடியேறியிருந்தன. வீட்டில் தமிழ், வெளியில் மலையாளம், பூஜையில் சமஸ்கிருதம், பாட்டில் தெலுங்கு என்று நாலு மொழியும் அவர்களுக்கு அன்றாடம். அப்படியொரு குடும்பத்தில் மகாதேவ ஐயருக்கும் பகவதி அம்மாளுக்கும் மகளாக 1924 நவம்பர் 29ல் பிறந்தார் பொன்னம்மாள்.

சிறுவயதிலேயே பாட்டு. பரமுப்பிள்ளை பாகவதர், வைத்தியநாத ஐயர், ராமசாமி பாகவதர் என்று உள்ளூரிலும் சுற்றுவட்டாரத்திலும் கிடைத்த ஆசிரியர்களிடம் பாடம். இவர்களில் யாரையும் சென்னை சபாக்காரர்களுக்குத் தெரிந்திருக்காது. ஆனால் இப்படிப்பட்ட ஆசிரியர்கள் இல்லாமல் கர்நாடக சங்கீதம் கிராமங்களில் உயிரோடு இருந்திருக்காது.

பதினைந்து வயதில், மகாராஜாவின் பிறந்தநாளை ஒட்டி நடந்த சங்கீதப் போட்டியில் பொன்னம்மாளுக்கு முதல் பரிசு. அதன் பலனாகத் திருவனந்தபுரம் காட்டன்ஹில் பெண்கள் பள்ளியில் பாட்டு டீச்சர் வேலை. பாறசாலையிலிருந்து தலைநகருக்கு முப்பது சொச்சம் கிலோமீட்டர்தான். ஆனால் ஓர் அக்ரஹாரத்துப் பெண் 1940 வாக்கில் சம்பள வேலைக்குப் போவதற்கு அது நீண்ட தூரம்.

அந்தச் சமயம் திருவனந்தபுரத்தில் ஒரு பெரிய காரியம் நடந்துகொண்டிருந்தது. ஸ்வாதித் திருநாள் 1813 முதல் 1846 வரை வாழ்ந்தவர். 33 வயதில் மறைந்துபோன அந்த மன்னர் இயற்றிய கீர்த்தனைகள் நூற்றுக்கணக்கில் இருந்தன. ஆனால் பல பாட்டுகளின் மெட்டு மறந்துபோயிருந்தது. அவற்றைத் தேடித் திரட்டி, மேடைக்குரிய வடிவில் சீர்ப்படுத்தும் பொறுப்பை அரண்மனை ஒப்படைத்தது நெல்லைச் சீமையைச் சேர்ந்த ஹரிகேசநல்லூர் முத்தையா பாகவதரிடம். 1939ல் தொடங்கிய ஸ்வாதித் திருநாள் சங்கீத அகாதமியின் முதல்வரும் அவர்தான். அவருக்குப் பின் அந்த நாற்காலியில் உட்கார்ந்தவர் தஞ்சாவூர் ஜில்லாவின் செம்மங்குடி சீனிவாச ஐயர். மலையாள மன்னரின் பாட்டுக்குத் தமிழ் வித்வான்கள் புது வாழ்வு கொடுத்தார்கள். எல்லைக்கோடு பிறகுதான் வந்தது.

அந்த அகாதமியில் சேர்ந்த முதல் மாணவி பொன்னம்மாள். முதல் வகுப்பில் தேறி, அங்கேயே ஆசிரியரானார். பெண் ஒருவர் அங்கே பாடம் சொல்லிக்கொடுப்பது அதுவே முதல் தடவை. பின்னர் திருப்பூணித்துறையில் உள்ள ஆர்.எல்.வி. இசைக் கல்லூரிக்கு முதல்வரானார். அந்தப் பதவிக்கும் அவர்தான் முதல் பெண். 1980ல் ஓய்வு பெற்றார்.

சபா இல்லாத சங்கீதம்

பொன்னம்மாளின் காலம் எது என்று நினைத்துப் பார்த்தால் அவர் வாழ்க்கையின் தனித்தன்மை புரியும். எம்.எஸ். சுப்புலட்சுமி பிறந்தது 1916ல். டி.கே. பட்டம்மாள் 1919ல். எம்.எல். வசந்தகுமாரி 1928ல். இந்த மூவரும் கர்நாடக சங்கீத மேடையைப் பெண்களுக்குத் திறந்துவிட்டவர்கள். கிராமபோன் தட்டு, சினிமா, சபா, மார்கழி சீசன் என்று சென்னை கொடுத்த எல்லா வசதிகளும் அவர்களின் பாட்டை ஊர் ஊராகக் கொண்டுபோயின. அவர்களும் எளிதில் வென்றுவிடவில்லை. பெண்கள் ராகம் தானம் பல்லவி பாடக்கூடாது என்று பேசியவர்கள் இருந்த காலத்தில்தான் பட்டம்மாள் மேடையில் பல்லவி பாடிக் காட்டினார்.

பொன்னம்மாள் இதே தலைமுறை. ஆனால் அவருக்கு சென்னை இல்லை. மாதச் சம்பளம் இருந்தது, வகுப்பறை இருந்தது, வானொலி இருந்தது. 1943ல் திருவிதாங்கூர் அரசு தொடங்கிய வானொலி நிலையம் 1950ல் ஆல் இந்தியா ரேடியோவுடன் சேர்ந்தது. தென் கேரளத்தில் ஒரு பாடகருக்கு அந்த வானொலிதான் சபா, தட்டு கம்பெனி, விமர்சகர் எல்லாம். காலையில் பதினைந்து நிமிஷம், இரவில் அரை மணி நேரம். கைதட்டல் கேட்காது. ஆனால் வீட்டு முற்றத்தில் மரச்சீனி வெட்டிக்கொண்டிருக்கிறவர் காதில்கூடத் தோடி விழும்.

இப்படி வாழ்கிற கலைஞருக்குச் சில சௌகரியங்கள் உண்டு. சபா காரியதரிசியின் முகம் பார்க்க வேண்டாம். ஜனரஞ்சகமாகத் துக்கடா சேர்க்க வேண்டாம். மூன்று மணி நேரத்தில் முப்பது உருப்படி என்ற அவசரம் வேண்டாம். பொன்னம்மாளின் பாட்டில் அந்த விடுதலை தெரிந்தது. நிதானமான காலப்பிரமாணம். சாகித்யத்தைச் சிதைக்காத உச்சரிப்பு. கமகத்தைக் கனமாக இழைக்கும் பழைய பாடாந்தரம். கற்றுக்கொண்டது கற்றுக்கொண்டபடியே இருந்தது. கல்லூரியில் சொல்லிக்கொடுக்கிறவர் பாட்டில் ஒரு சங்கதியைக்கூட மழுப்ப முடியாது. எதிரே நாற்பது காதுகள் இருக்கின்றன.

குருவாயூர் புரேச சுப்ரபாதம், திருச்சிவபுரேச சுப்ரபாதம், உற்சவப் பிரபந்தம் ஆகியவற்றுக்கு மெட்டமைத்தார். இரயிம்மன் தம்பியின் பாடல்களும் கே.சி. கேசவ பிள்ளையின் பாடல்களும் அவர் மூலம் அடுத்த தலைமுறைக்குப் போயின. தமிழ் வீட்டில் பிறந்த பெண் மலையாள வாக்கேயக்காரர்களின் பாட்டைக் காப்பாற்றிக் கொடுத்தார் என்று எல்லைக்கு இந்தப் பக்கம் இருப்பவர்கள் பெருமைப்பட்டுக்கொள்ளலாம். அந்தப் பக்கத்தில் யாரும் அவரைத் தமிழர் என்று பிரித்துப் பார்த்ததில்லை என்பதையும் சேர்த்தே பெருமைப்பட வேண்டும்.

அசௌகரியங்களும் உண்டு. சென்னையில் பாடாதவர் பெயர் சென்னைப் பத்திரிகைகளில் வராது. சென்னைப் பத்திரிகையில் வராத பெயர் தில்லிக்குத் தெரியாது. ஐம்பது வருஷம் பாடிய ஒருவரைத் தமிழ்நாட்டுச் சங்கீத ரசிகர்களில் பலர் கேள்விப்பட்டதே இல்லை. நாகர்கோவிலில் இருந்தவர்களுக்கு மட்டும் தெரியும். அவர்கள் திருவனந்தபுரம் ரேடியோ கேட்டு வளர்ந்தவர்கள்.

ஆற்றங்கரைக் குரல்

பொன்னம்மாளிடம் படித்தவர்களில் ஒருவர், பாறசாலைக்குப் பக்கத்து ஊர்க்காரர். நெய்யாற்றின்கரை வாசுதேவன். எளிய குடும்பத்தில் பிறந்தவர். சங்கீதப் பரம்பரை, அக்ரஹாரச் சூழல் என்ற ஊன்றுகோல்கள் எதுவும் இல்லை. அவருக்கும் வழி திறந்துவிட்டது அதே ஸ்வாதித் திருநாள் கல்லூரிதான். பிறகு ராம்நாட் கிருஷ்ணனிடம் மேற்பாடம். கிருஷ்ணனின் பாட்டைக் கேட்டவர்களுக்கு வாசுதேவனின் பாட்டில் அந்த இழைப்பும் அந்த மெல்லிய சோகமும் எங்கிருந்து வந்தன என்று விளக்க வேண்டியதில்லை.

வாசுதேவனின் பிழைப்பும் குருவின் தடத்திலேயே நடந்தது. திருப்பூணித்துறைக் கல்லூரியில் ஆசிரியர் வேலை. பின்னர் திருவனந்தபுரம் வானொலி. லெனின் ராஜேந்திரன் இயக்கிய 'ஸ்வாதித் திருநாள்' திரைப்படத்தில் அவர் பாடியபோது கச்சேரிக்குப் போகாத மலையாளிகளும் அந்தக் குரலை அறிந்தார்கள். 2000ஆம் ஆண்டுக்கான மத்திய சங்கீத நாடக அகாதமி விருதும், 2004ல் பத்மஸ்ரீயும் வந்தன. 2008 மே 13ல் மறைந்தார்.

கர்நாடக சங்கீதத்தில் ஊர்ப் பெயர் என்பது வெறும் இனிஷியல் அல்ல. அரியக்குடி, செம்மங்குடி, முசிறி என்று சொன்னாலே போதும், ஆள் யாரென்று தெரிந்துவிடும். காவிரிக்கரை கிராமங்களுக்கே உரித்தான அந்த மரியாதை நெய்யாற்றுக்கும் கிடைத்தது இந்த இரண்டு பேரால். பாறசாலை என்றால் பொன்னம்மாள். நெய்யாற்றின்கரை என்றால் வாசுதேவன். ஒருவர் அக்ரஹாரம், மற்றவர் சாமானியக் குடும்பம். ஒருவர் பெண், மற்றவர் ஆண். பாட்டு இருவருக்கும் ஒன்றுதான். ஆனால் பாடும் இடம் ஒன்றாக இருக்கவில்லை.

மண்டபத்தின் விதி

திருவனந்தபுரம் கோட்டைக்குள், பத்மநாபசாமி கோயிலுக்கு எதிரே இருக்கிறது நவராத்திரி மண்டபம். பத்மநாபபுரத்திலிருந்து எல்லை தாண்டி வரும் சரஸ்வதி கொலுவிருப்பது இங்கேதான். குமாரசாமி ஆரியசாலையிலும், முன்னுதித்த நங்கை செந்திட்டையிலும் தங்கிக்கொள்கிறார்கள்.

மண்டபத்தில் கச்சேரி மாலை ஆறு மணிக்குத் தொடங்கி எட்டரைக்கு முடிகிறது. எண்ணெய் விளக்கின் வெளிச்சம். எதிரொலியைச் சரிப்படுத்த மேலிருந்து கவிழ்த்துத் தொங்கவிட்ட மண்குடங்கள். கேட்க வருகிற ஆண்கள் வேட்டி மட்டும் கட்டியிருக்க வேண்டும், மேலே சட்டை கூடாது. கைதட்டக் கூடாது. ஏனென்றால் பாடுவது தேவிக்கு, கேட்பவர்களுக்கு அல்ல. முதலில் முல்லமூடு பாகவதர்கள் தோடயமங்களம் பாடுவார்கள். பிறகு அன்றைய வித்வான்.

எந்த நாளில் எந்தக் கீர்த்தனை பிரதானம் என்பதும் தீர்மானமானது. ஒன்பது நாளுக்கும் ஸ்வாதித் திருநாளின் ஒன்பது கீர்த்தனைகள். முதல் நாள் சங்கராபரணம், அடுத்து கல்யாணி, சாவேரி, தோடி, பைரவி, பந்துவராளி, சுத்த சாவேரி, நாட்டைக்குறிஞ்சி, கடைசி நாள் ஆரபி. ஒரு பாடகருக்கு இதைவிடக் கடினமான பரிட்சை கிடையாது. அவருக்கு முன் அதே ராகத்தை, அதே கீர்த்தனையை, அதே இடத்தில் பாடியவர்களின் நினைவு சுவரெல்லாம் ஒட்டியிருக்கும். செம்மங்குடி பல ஆண்டுகள் பாடிய இடம் இது.

இன்னொரு விதியும் இருந்தது. பெண்கள் பாடக்கூடாது. யார் எப்போது வகுத்தார்கள் என்று கேட்டால் வழக்கம் என்பார்கள். தலைமுறை தலைமுறையாக அப்படியே நடந்துவந்தது.

இந்த விதியின் விசித்திரத்தை எண்ணிப் பார்க்க வேண்டும். உள்ளே வீற்றிருப்பவள் பெண். வீணை அவள் கையில். ஒன்பது பாட்டும் அவளைப் பற்றி. அந்த ஒன்பது பாட்டும் கல்லூரிப் பாடம். பொன்னம்மாள் அவற்றைக் கற்றார், கற்பித்தார், வானொலியில் பாடினார். அவரிடம் படித்த ஆண் ஒருவர் மண்டபத்தில் சம்மணமிட்டு உட்கார்ந்து பாடலாம். சொல்லிக்கொடுத்தவர் பாடக்கூடாது. 1966ல் எம்.எஸ். நியூயார்க்கில் ஐ.நா. சபையில் பாடினார். அப்போதும் சரி, அதற்குப் பின் பல வருஷமும் சரி, அவரேகூட இந்த மண்டபத்தில் பாடியிருக்க முடியாது.

இதை எதிர்த்து பொன்னம்மாள் கொடி பிடிக்கவில்லை. வழக்குப் போடவில்லை. வலியசாலையில், தமிழ் பிராமணர்கள் நிறைந்த அந்தத் தெருவில், தன் வீட்டில் சீடர்களுக்குப் பாடம் சொல்லிக்கொண்டிருந்தார். ஆண்டுதோறும் குமாரசாமி வந்து தங்கும் ஆரியசாலை அங்கிருந்து கூப்பிடு தூரம்.

மண்டபத்தின் கதவைத் திறந்தவர் உள்ளே இருந்தவர்தான். அரச குடும்பத்தைச் சேர்ந்த அஸ்வதித் திருநாள் ராம வர்மா, பாலமுரளி கிருஷ்ணாவிடம் படித்த பாடகர். மண்டபக் கச்சேரிகளில் அக்கறை எடுத்துக்கொள்பவர். அவர் முன்கையெடுத்து அழைக்க, 2006 செப்டம்பரில் பொன்னம்மாள் நவராத்திரி மண்டபத்தில் பாடினார். அங்கே பாடிய முதல் பெண். அப்போது அவருக்கு வயது 81.

கூச்சல் எதுவும் எழவில்லை. பன்னிரண்டு ஆண்டுகள் கழித்து, 2018ல், சபரிமலையில் எல்லா வயதுப் பெண்களும் போகலாம் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தபோது இதே கேரளம் கொந்தளித்தது. கோயில் சன்னதி வேறு, பாட்டு மண்டபம் வேறு என்று சொல்பவர்கள் உண்டு. ஆனால் இங்கும் காரணம் வழக்கம்தான், அங்கும் காரணம் வழக்கம்தான். இங்கே வழக்கத்தை நடத்துகிறவர்களே அதை மாற்ற முன்வந்தார்கள். மாற்றத்துக்கு அவர்கள் தேர்ந்தெடுத்த ஆள், யாரும் குறை சொல்ல முடியாத ஒரு மூதாட்டி. அறுபது வருஷம் ஸ்வாதித் திருநாளின் பாட்டைப் பாடி வந்தவரை அந்த மன்னரின் மண்டபத்தில் தடுக்க எந்த வைதீகருக்கும் வாய் வரவில்லை.

தாமதத்தின் விலை

நல்ல முடிவு என்று கைகுலுக்கிவிட்டுப் போகலாம். அதற்குமுன் கணக்கையும் பார்த்துவிட வேண்டும். சங்கீத அகாதமி பொன்னம்மாளை மாணவியாகச் சேர்த்தது 1940களின் தொடக்கத்தில். அங்கிருந்து கோட்டைக்குள் இருக்கும் மண்டபத்துக்குச் சில கிலோமீட்டர் தூரம். அதைக் கடக்க அறுபது ஆண்டுகளுக்கும் மேல் ஆயிற்று. முப்பது வயதில், நாற்பது வயதில், குரல் முழு வலுவோடு இருந்த காலத்தில் அவர் அந்த மண்டபத்தில் தோடி பாடியிருந்தால் எப்படி இருந்திருக்கும் என்பது யாருக்கும் தெரியாது. மண்டபம் அவரை அவமதித்தது என்பதைவிட, மண்டபம் தனக்கு வரவேண்டிய பாட்டை இழந்தது என்பதே சரி. எம்.எஸ்., பட்டம்மாள், எம்.எல்.வி. என்று எத்தனை குரல்களை அது இழந்தது என்று கணக்குப் பார்த்தால் பட்டியல் நீளும்.

2006க்குப் பிறகு எல்லாம் வேகமாக நடந்தது. அதுவரை அறியாதவர்கள் அறிந்துகொண்டார்கள். ஒலிப்பதிவுகள் வெளிவந்தன. வயது எண்பதைத் தாண்டிய பாடகரின் கச்சேரிக்கு இளைஞர்கள் வந்து உட்கார்ந்தார்கள். கேரள அரசின் ஸ்வாதி சங்கீத புரஸ்காரம் வந்தது. 2017ல், 92வது வயதில், பத்மஸ்ரீ. மாணவர் வாசுதேவனுக்கு அந்த விருது வந்து பதின்மூன்று ஆண்டுகள் கழித்து ஆசிரியைக்கு வந்தது. அதற்குள் மாணவர் போயே போய்விட்டார்.

பொன்னம்மாள் 2021 ஜூன் 22ல் வலியசாலை வீட்டில் காலமானார். வயது 96. கடைசிக் காலம் வரை பாட்டும் பாடமும் நிற்கவில்லை. இசையமைப்பாளர் எம்.ஜி. ராதாகிருஷ்ணன், பேராசிரியர் ஓமனக்குட்டி, பூவரணி கே.வி.பி. நம்பூதிரி, பால்குளங்கரை அம்பிகா தேவி, இளம் தலைமுறையில் அம்ருதா வெங்கடேஷ் என்று அவரிடம் படித்தவர்களின் வரிசை பெரியது. கேரளத்தில் இரண்டு தலைமுறைச் சங்கீதக்காரர்களில் பலர் ஏதோ ஒரு வழியில் அவர் வகுப்பறையைக் கடந்து வந்தவர்கள்.

பாறசாலைக்கு யாராவது போனால், அங்கே பார்க்க என்ன இருக்கிறது என்று கேட்பார்கள். மகாதேவர் கோயில் இருக்கிறது. பக்கத்துச் செங்கலில் நூறு அடிக்கு மேல் உயர்ந்து நிற்கும் சிவலிங்கத்தைப் பார்க்க இப்போது சுற்றுலாப் பேருந்துகள் வருகின்றன. நெய்யாற்றின்கரையில் அம்மச்சிப் பிலாவு இருந்த இடத்தைக் காட்டுவார்கள். கொஞ்சம் தள்ளி அருவிப்புறத்தில் நாராயண குரு நிறுத்திய கல் இருக்கிறது. கிழக்கே போனால் நெய்யாறு அணை, மேற்கே போனால் பொழியூர்க் கடல். ஒரு நாள் போதும், எல்லாவற்றையும் பார்த்துவிடலாம்.

பார்க்க முடியாதது ஒன்று இருக்கிறது. அது பாட்டாக இருக்கிறது. இப்போது நவராத்திரி மண்டபத்தில் பெண்கள் பாடுகிறார்கள். அதில் யாருக்கும் வியப்பில்லை. பாட வரும் இளம்பெண்ணுக்கு முன்பொரு காலத்தில் இங்கே பாடத் தடை இருந்தது என்பது கேள்விப்பட்ட செய்தி மட்டுமே. பாறசாலைக்காரர் செய்த காரியம் முழுமையாகிவிட்டதற்கு அந்த அலட்சியத்தைவிட நல்ல அத்தாட்சி கிடையாது.